ஸ்டெவான் சிஞ்ஜெலிச்: செகர் குன்றுக்கு ஏன் உதவி வரவில்லை?

ஓலைக்கட்டு கேட்டது:

வணக்கம். முதல் செர்பிய எழுச்சியில் ரேசாவா பகுதிப் படையை நடத்திய ஸ்டெவான் சிஞ்ஜெலிச் பற்றித் தமிழில் ஒரு விரிவான கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். எங்கே தேடினாலும் ஒரே காட்சிதான் கிடைக்கிறது. 1809, நிஷ் நகருக்கு வெளியே செகர் குன்று. உஸ்மானியர்கள் அரணுக்குள் ஏறிவிட்டார்கள். சிஞ்ஜெலிச் வெடிமருந்துக் கிடங்கைப் பார்த்துச் சுட்டார். எல்லோரும் மாண்டார்கள். பிறகு மண்டையோட்டுக் கோபுரம். நாற்பது வயதை எட்டாமல் போன ஒருவரின் வாழ்க்கை முழுவதையும் அந்த ஒரு நொடிக்குள் அடைத்துவிட்டார்கள்.

எனக்கு வேண்டியவை இவை. செகருக்கு முன்னால் அவர் என்ன செய்தார், எப்படிப் படைத்தலைவர் ஆனார்? அன்று நிஷ்ஷைச் சுற்றிச் செர்பியர்களுக்கு ஆறு அரண்கள் இருந்தன என்கிறார்கள். மற்ற ஐந்திலிருந்து ஏன் யாரும் வரவில்லை? தலைமைத் தளபதி வேண்டுமென்றே கைவிட்டார் என்று ஒரு தரப்பு உறுதியாகச் சொல்கிறது. ஒரு கைத்துப்பாக்கிக் குண்டு கிடங்கையே வெடிக்க வைக்குமா? கடைசியாக, தேதியும் எண்ணிக்கையும். ஓரிடத்தில் மே 19, இன்னோரிடத்தில் மே 31. ஓரிடத்தில் 952, இன்னோரிடத்தில் 4,000. எதை எழுதுவது?

---

ஏட்டுச்சுவடி:

பெயரிலிருந்து தொடங்குங்கள். பாதிக் கதை அதிலேயே இருக்கிறது. சிஞ்ஜெலிச் என்பது தந்தை வழி வந்த பெயர் கிடையாது. அப்பா ரதோவான் ராகிச். அம்மா சிஞ்ஜெலியா. 1770ஐ ஒட்டி, ஸ்விலாய்னட்ஸ் பக்கத்து வொய்ஸ்கா கிராமத்தில் பிறந்தார். தந்தை இறந்தபின் அம்மா கிராபோவட்ஸ் என்ற ஊரில் மறுமணம் செய்துகொண்டார். கூடப் போன பையனை அந்த ஊர் அம்மா பெயரைச் சொல்லியே அழைத்தது. 'இச்' என்று முடியும் செர்பியப் பெயர்களுக்கு 'இன்னாருடைய பிள்ளை' என்று பொருள். சிஞ்ஜெலிச் என்றால் சிஞ்ஜெலியாவின் பிள்ளை. செர்பிய வரலாற்றில் அழியாமல் நிற்கும் ஒரு போர்ப்பெயர் ஒரு கிராமத்து விதவையின் பெயர். கட்டுரையில் இதைக் கட்டாயம் சொல்லுங்கள்.

எழுச்சியின் பின்னணியையும் சரியாக வைக்க வேண்டும். 'துருக்கிய சுல்தானுக்கு எதிராக 1804இல் கிளம்பினார்கள்' என்று ஒரே வரியில் எழுதிவிடாதீர்கள். பெல்கிரேட் பாஷாலிக் என்ற அந்த மாகாணத்தில் 1801இல் தாஹி எனப்பட்ட ஜானிசாரி (உஸ்மானியக் காலாட்படை) தலைவர்கள் நால்வர், சுல்தான் நியமித்த ஹாஜி முஸ்தபா பாஷாவையே கொன்று ஆட்சியைப் பிடித்தார்கள். 1804 தொடக்கத்தில் செர்பிய ஊர்த்தலைவர்களை வரிசையாகத் தலை வெட்டினார்கள். அதற்குப் பதிலடியாகத்தான் ஒராஷட்ஸ் கிராமத்தில் கூடி, பன்றி வியாபாரியும் பழைய ஆஸ்திரியத் தன்னார்வப் படை வீரருமான கராஜோர்ஜேயைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். அப்போது அவர்கள் சொன்னது 'தாஹிகளிடமிருந்து எங்களைக் காப்பாற்றுங்கள்' என்பதுதான். சுல்தானோடு நேரடிப் போர் என்ற நிலை அடுத்த ஆண்டுதான் வந்தது. சிஞ்ஜெலிச் பெயர் மேலே வருவதும் அந்தத் திருப்பத்தில்தான்.

எழுச்சி தொடங்கியபோது அவர் ரேசாவாவின் தலைவரான பெதருக்குக் கீழே இருந்தார். 1805இல் சுல்தான் மூன்றாம் செலிம், நிஷ்ஷிலிருந்த ஹாஃபிஸ் பாஷாவைப் பெல்கிரேடுக்கு ஆளுநராக நியமித்து, கலகக்காரர்களின் ஆயுதங்களைப் பறிக்கச் சொல்லிப் படையோடு அனுப்பினார். சுப்ரியாவுக்குப் பக்கத்தில் இவான்கோவட்ஸ் என்ற இடத்தில், மிலென்கோ ஸ்டோய்கோவிச்சும் பெதர் டோப்ரின்யட்ஸும் மண் அரண் எழுப்பி வழியை மறித்தார்கள். 1805 ஆகஸ்ட் 18இல் நடந்த சண்டையில் அரண் தாங்கியது. கராஜோர்ஜே பீரங்கிகளோடு வந்து சேர்ந்ததும் பாஷா பின்வாங்கினார். சுல்தானின் சொந்தப் படையைச் செர்பியர்கள் தோற்கடித்த முதல் சண்டை இது. சிஞ்ஜெலிச் இங்கே காட்டிய திறமைதான் அவரை ரேசாவாவின் வொய்வோதா (பகுதித் தலைவர்) ஆக்கியது.

மண் அரண் எதற்கு என்பது இவான்கோவட்ஸில் தெளிவாகத் தெரிந்தது. அது வெற்றியைத் தருவதில்லை, நேரத்தைத் தருகிறது. அந்த நேரத்துக்குள் வெளியிலிருந்து ஒரு கை வந்து சேர வேண்டும். 1806 ஆகஸ்டில் மிஷார் சமவெளியிலும் அப்படித்தான். காலாட்படை அரணுக்குள், குதிரைப்படை காட்டுக்குள். உஸ்மானியர்கள் அரணில் மோதி ஒழுங்கு குலைந்த நேரம் பார்த்துக் குதிரைகள் பக்கவாட்டில் பாய்ந்தன. உள்ளே நிற்பவன் எவ்வளவு பிடிவாதமானவனாக இருந்தாலும், வெளிக்கை வராவிட்டால் அரணே அவனுக்குக் கூண்டாகிவிடும். செகரை இந்தக் கண்ணோடு படியுங்கள்.

---

தெற்குவாசல்:

ஏட்டுச்சுவடி விட்ட இடத்திலிருந்து தொடர்கிறேன்.

1807இல் ரஷ்யாவும் உஸ்மானியரும் செய்துகொண்ட போர்நிறுத்தத்தால் செர்பியாவிலும் சண்டை ஓய்ந்திருந்தது. 1809இல் போர் மறுபடி மூண்டபோது கராஜோர்ஜே ஒரே சமயத்தில் பல திசைகளில் அடிக்கத் திட்டமிட்டார். தென்மேற்கே நோவி பசார் வழியாக மாண்டினீக்ரோவோடு கைகோப்பதற்கு அவரே போனார். மேற்கே திரினா ஆற்றைத் தாண்டி பாஸ்னியா, கிழக்கே தன்யூபுக் கரை, தெற்கே நிஷ். இருக்கும் ஆட்களையெல்லாம் நாலாகப் பிரித்த பிறகு எந்த முனைக்கும் மிச்சப் படை கிடையாது. முதல் பிழை இங்கேயே தொடங்கிவிட்டது.

தெற்கு முனைக்குச் சுமார் 16,000 பேர். அந்தப் பக்கத்தை 1806 முதல் நன்றாக அறிந்தவர் பெதர் டோப்ரின்யட்ஸ். நிஷ் சாலையில் டெலிகிராட் கோட்டையைக் காத்து நின்றவர். எல்லோரும் தலைமை அவருக்கே என்று நினைத்தார்கள். ஆனால் அரசியல் செல்வாக்குள்ள மிளாதென் மிலோவானோவிச்சின் பேச்சைக் கேட்டு, கராஜோர்ஜே மிலோயே பெத்ரோவிச்சைத் தலைமைத் தளபதி ஆக்கினார். டோப்ரின்யட்ஸுக்கு இது பெரும் அவமதிப்பு. அன்று முதல் அந்த முகாமில் உத்தரவு என்பதே பேரமாக மாறிவிட்டது.

அடுத்தது கோட்டை. நிஷ்ஷாவா ஆற்றங்கரையில் இன்றும் முழுசாக நிற்கும் அந்தக் கோட்டையை உஸ்மானியர்கள் 1719க்கும் 1723க்கும் இடையில் கட்டி முடித்தார்கள். மதில் நீளம் சுமார் 2,100 மீட்டர், உயரம் 8 மீட்டர், தடிமன் 3 மீட்டர். இதை உடைக்கப் பெரிய முற்றுகைப் பீரங்கிகள் வேண்டும். செர்பியர்களிடம் இருந்தவை களத்துக்கு இழுத்துச் செல்லும் சிறு பீரங்கிகள். அப்படியானால் மிஞ்சிய வழி இரண்டு. வெளியிலிருந்து படை வந்து சேர்வதற்கு முன் திடீரென்று ஏறிப் பிடிப்பது, அல்லது எல்லா வழிகளையும் அடைத்துப் பட்டினி போடுவது. முதலாவதற்கு வேகம் வேண்டும், இரண்டாவதற்கு ஆள் வேண்டும். தளபதிகள் எந்த வழி என்று வாதாடிக்கொண்டே பல வாரங்களைக் கழித்தார்கள். அதற்குள் எதிர்ப்பக்கம் எதீர்னே, சலோனிகா, விரான்யே, லெஸ்கோவட்ஸ் பக்கங்களிலிருந்து சுமார் 20,000 பேர் நிஷ்ஷுக்கு வந்துவிட்டார்கள். முற்றுகையிட வந்தவர்கள் முற்றுகைக்குள் நிற்கும் நிலை.

அப்போது செர்பியர்கள் நகருக்கு வடகிழக்கே ஆறு இடங்களில் மண் அரண் எழுப்பி உட்கார்ந்திருந்தார்கள். செகர் குன்றில் சிஞ்ஜெலிச், சுமார் 3,000 பேர். மேல் மதேயெவட்ஸில் டோப்ரின்யட்ஸ். அதற்கு வடகிழக்கே ஹய்துக் வெல்கோ. மேல் விரேஜினாவில் இலியா பர்யக்தாரெவிச். கமெனிட்சாவில் தலைமைத் தளபதி மிலோயே. கீழ் மதேயெவட்ஸில் பவுல்யோ மதேயிச். ஒரு காகிதத்தில் இந்த ஊர்களைப் புள்ளி வைத்துப் பாருங்கள். ஆறில் பெரியதும், எதிரியை முதலில் எதிர்கொண்டு நிற்பதும் செகர். ஒவ்வோர் அரணும் தனித்தனிக் குன்றிலோ ஊர் ஓரத்திலோ இருந்தது. அந்தக் காலத்துத் துப்பாக்கி நூறு மீட்டரைத் தாண்டினால் நம்ப முடியாது. அதனால் ஓர் அரணில் இருந்துகொண்டு பக்கத்து அரணுக்குச் சூட்டுத் துணை கொடுக்க வழியே இல்லை. உதவ வேண்டுமென்றால் அரணை விட்டு இறங்கி, திறந்த சரிவில் நடந்து போக வேண்டும். நடுவில் உஸ்மானியக் குதிரைப்படை.

மே 30இல் டோப்ரின்யட்ஸின் அரணை முதலில் தாக்கினார்கள். மறுநாள் 31இல் முழுப் பலத்தோடு செகருக்கு ஏறினார்கள். சண்டை நாள் முழுவதும் நடந்தது. அதைப் பற்றிய நேரடிச் சாட்சியம் என்று மேற்கோள் காட்டப்படுவது மிலோவான் குகிச்சின் விவரிப்பு. ஐந்து முறை ஏறினார்கள், ஐந்து முறையும் விரட்டப்பட்டார்கள். ஆறாம் முறை அகழி பிணங்களால் நிரம்பியிருந்தது. உயிரோடிருந்தவர்கள் அந்தப் பிணங்களின் மேல் நடந்து அரணுக்குள் இறங்கினார்கள். பிறகு துப்பாக்கிக் கட்டையும் வாளும் கத்தியும்தான். மற்ற அரண்களில் இருந்தவர்கள் உதவிக்குப் போக வேண்டும் என்று கத்தினார்கள். போகவில்லை. குதிரைகளுக்கு நடுவே போக முடியாததாலோ, மிலோயே விடாததாலோ என்று குகிச் இரண்டையும் சேர்த்தே சொல்கிறார்.

அந்த 'லோ… லோ'வை அப்படியே எழுதுங்கள். மிலோயே துரோகி என்ற முடிவுக்கு ஓடிவிட வேண்டாம். ஆனால் பொறுப்பு அவருக்கு இல்லை என்றும் எழுத முடியாது. வெல்கோவைப் போன்ற ஒரு குதிரைத் தளபதி பக்கத்திலேயே இருந்தும் அவரை அரணுக்குள் உட்கார வைத்தது தலைமையின் குற்றம். மிஷாரில் வெளியே நின்ற கை நிஷ்ஷில் உள்ளே கட்டிவைக்கப்பட்டிருந்தது.

---

ஓலைக்கட்டு:

இருவருக்கும் மிக்க நன்றி. ஒரு விஷயம் உறுத்துகிறது. அகழி பிணங்களால் நிரம்பியது என்பதை மிகைப்படுத்திய வர்ணனை என்றே இதுவரை நினைத்திருந்தேன். உண்மையில் அப்படி நடக்குமா? அதோடு கிடங்கு, துப்பாக்கிக் கேள்வி அப்படியே நிற்கிறது.

---

சக்கிமுக்கி:

நடக்கும். மண் அரண் எப்படி வேலை செய்கிறது என்று பார்த்தால் விளங்கும். செர்பியர்கள் இதை ஷானட்ஸ் என்பார்கள். வெளியே அகழி தோண்டுவார்கள். தோண்டிய மண்ணை உட்பக்கமே கொட்டி மேடாக்குவார்கள். அது சரியாமல் இருக்க மரக்கழிகளை நட்டு, மிளாறுகளால் பின்னி முட்டுக் கொடுப்பார்கள். மேட்டின் உயரத்தை மட்டும் கணக்கிடக் கூடாது. ஏறி வருபவனுக்கு அகழியின் அடியிலிருந்து மேட்டின் உச்சி வரை ஒரே சுவர். அகழி ஆளுயரம், மேடு ஆளுயரம் என்று வைத்துக்கொண்டால் அவன் இரண்டு ஆள் உயரம் ஏற வேண்டும். அகழி தூர்ந்துவிட்டால் சுவர் பாதியாகிவிடும். முற்றுகைப் படைகள் விறகுக் கட்டுகளை வீசி அகழியைத் தூர்ப்பது வழக்கமே அதற்காகத்தான். செகரில் அந்த வேலையை உடல்கள் செய்தன. ஐந்து தாக்குதல்கள் ஒரே முகப்பில் வந்து விழுந்தால் எல்லாப் பள்ளமும் நிரம்ப வேண்டியதில்லை. ஓரிடத்தில் பாதை கிடைத்தால் போதும்.

இரண்டாவது காரணத்தை யாரும் எழுதுவதில்லை. துப்பாக்கியே சண்டை போகப் போகச் சோர்ந்துவிடும். கருமருந்து என்பது வெடியுப்பு, கரி, கந்தகம் மூன்றும் ஏறத்தாழ 75, 15, 10 என்ற விகிதத்தில் சேர்ந்தது. எரிந்தபின் பாதிக்கு மேல் திடமான கசடாகத் தங்கும். சில பத்து முறை சுட்டதும் குழலின் உட்புறம் கசடு ஏறி, ஈயக் குண்டு கீழே இறங்க மறுக்கும். கம்பியால் குத்திக் குத்தி இறக்க வேண்டும். பற்றுத் துளை அடைக்கும். சக்கிமுக்கிக் கல்லின் விளிம்பு மழுங்கி, பொறி விழாது. துடைக்கத் தண்ணீரும் நேரமும் வேண்டும். நன்கு பயின்றவனுக்குக் காலையில் நிமிடத்துக்கு இரண்டு மூன்று முறை சுட முடிந்தால், மாலையில் அதில் பாதி வந்தாலே பெரிது. இவர்கள் ஊரிலிருந்து சொந்தத் துப்பாக்கியோடு வந்த விவசாயிகள். ஆளுக்கொரு அளவுக் குழல், ஆளுக்கொரு குண்டு அச்சு. பக்கத்தில் இருப்பவனின் குண்டை வாங்கிப் போட முடியாது. ஆறாம் தாக்குதல் வந்த நேரத்தில் சண்டை வாளுக்கும் கத்திக்கும் போனதில் வியப்பில்லை.

இப்போது கிடங்கு. திரைப்படத்தில் காட்டுவதுபோல் தூரத்திலிருந்து சுட்டுப் பீப்பாயைத் துளைத்தால் அனேகமாக ஒன்றும் ஆகாது. ஈயக் குண்டு கரியையும் கந்தகத்தையும் பற்ற வைக்கும் அளவுக்குச் சூடாகப் போவதில்லை. பற்ற வைப்பது துப்பாக்கியின் வாய்த் தீ. அவர்கள் இடுப்பில் அகலத் தோல் பட்டையில் செருகியிருந்த கைத்துப்பாக்கியை நினைத்துப் பாருங்கள். விசையை இழுத்தால் கல் பிடித்த சுத்தி முன்னே பாய்ந்து எஃகுத் தகட்டைக் கீறும். தகடு திறந்துகொள்ளும். பொறி கிண்ணத்திலுள்ள சிறு மருந்தில் விழும். அந்தத் தீ பக்கத் துளை வழியாக உள்ளே போய்ப் பெருமருந்தைப் பற்ற வைக்கும். ஆக ஒருமுறை சுட்டால் இரண்டு தீ. கிண்ணத்தில் ஒன்று, குழல் வாயில் நீளமாக இன்னொன்று. அதனால்தான் மரபுக் கதை 'கிடங்குக்கு ஓடினார்' என்று சொல்வது எனக்கு நம்பத்தக்கதாகப் படுகிறது. திறந்திருக்கும் மருந்துக்கு முன்னால், கைக்கெட்டும் தூரத்தில் சுட்டால்தான் அது நடக்கும். அவருக்கு அது தெரிந்திருக்கும். சுட்ட இடத்திலிருந்து தப்ப வழியில்லை என்பதும் தெரிந்திருக்கும்.

இன்னொன்று. கருமருந்தைத் திறந்தவெளியில் கொட்டிப் பற்ற வைத்தால் புஸ்ஸென்று எரிந்து போகும். அடைபட்ட இடத்தில்தான் வெடிக்கும். மழைக்கும் எதிரிக் குண்டுக்கும் பயந்து மருந்தை நிலத்தில் தோண்டி, மேலே மரமும் மண்ணும் போட்டு மூடி வைப்பது வழக்கம். காப்பதற்காகப் போட்ட அந்தக் கூரைதான் எரிதலை வெடிப்பாக மாற்றும். கட்டுரையில் 'பீப்பாய்' என்று எழுதாமல் 'மருந்துக் குழி' அல்லது 'மருந்துக் கிடங்கு' என்று எழுதுங்கள்.

---

நாள்கணக்கன்:

தேதிக் குழப்பம் எளிது. செர்பியர்கள் அப்போது ஜூலியன் நாட்காட்டியைப் பின்பற்றினார்கள். 1800 பிப்ரவரி இறுதியிலிருந்து 1900 பிப்ரவரி இறுதி வரை வித்தியாசம் 12 நாள். மே 19 + 12 = மே 31. இரண்டும் ஒரே நாள்தான். கட்டுரையில் 31 என்று எழுதி, 'பழைய கணக்கில் 19' என்று ஒருமுறை சொன்னால் போதும். இருபதாம் நூற்றாண்டுக்கு 13 நாள் என்பதால் பலர் பழக்கத்தில் 13ஐக் கூட்டி ஜூன் 1 என்று எழுதிவிடுகிறார்கள். இதே பொறி ஒராஷட்ஸ் கூட்டத்திலும் உண்டு. 1804இல் பழைய கணக்கில் பிப்ரவரி 2. அன்றைய வித்தியாசப்படி அது பிப்ரவரி 14. ஆனால் அன்று கிறித்தவத் திருநாள் ஸ்ரேத்தெனியே. திருச்சபையின் பழைய நாட்காட்டியில் அந்தத் திருநாள் இப்போது பிப்ரவரி 15இல் வருகிறது. அதனால் செர்பியா தன் நாட்டு நாளைப் பிப்ரவரி 15இல் கொண்டாடுகிறது. இரண்டு தேதிகளும் அவற்றின் இடத்தில் சரி.

எண்ணிக்கை. செகரில் இறந்தவர்கள் செர்பியர் தரப்பில் 3,000 முதல் 4,000 என்றும், உஸ்மானியர் தரப்பில் 6,000 முதல் 10,000 என்றும் சொல்லப்படுகிறது. எதிரி இழப்புக்குச் செர்பிய மரபு தரும் எண்ணை 'என்கிறார்கள்' என்று சேர்த்தே எழுதுங்கள். 952 வேறு கணக்கு. அது கோபுரத்தில் பதிக்கப்பட்ட மண்டையோடுகளின் எண்ணிக்கை, போரில் இறந்தவர்களின் எண்ணிக்கை அன்று. 4 பக்கம், பக்கத்துக்கு 14 வரிசை, வரிசைக்கு 17. பெருக்கிப் பாருங்கள், 952.

சண்டை முடிந்ததும் உஸ்மானியத் தளபதி ஹுர்ஷித் பாஷா செகரில் விழுந்தவர்களின் தலைகளை எடுக்கச் சொன்னார். தோலை உரித்து, வைக்கோல் திணித்து இஸ்தான்புல்லுக்கு சுல்தான் இரண்டாம் மஹ்மூதுக்கு வெற்றிச் சான்றாக அனுப்பினார்கள். மிஞ்சிய ஓடுகளைக் கொண்டு சுமார் நாலரை மீட்டர் உயரக் கோபுரம் எழுப்பினார்கள். இடம் தற்செயல் கிடையாது. இஸ்தான்புல் நெடுஞ்சாலையில், போவோர் வருவோர் எல்லோரும் பார்க்கும்படி வைத்தார்கள். செர்பியில் அதன் பெயர் செலே குலா. 'கெல்லே' என்ற துருக்கிச் சொல்லிலிருந்து வந்தது, தலை என்று பொருள். இதே ஹுர்ஷித் 1812இல் தலைமை வசீர் (சுல்தானின் முதலமைச்சர்) ஆகி, 1813இல் எழுச்சியை முற்றாக நசுக்கிய படையெடுப்பையும் நடத்தினார் என்பதைச் சேர்த்தால் வாசகருக்கு ஆள் யார் என்று புரியும்.

1833இல் பிரெஞ்சுக் கவிஞர் லமார்தீன் அந்த வழியாகப் போனார். வெயிலில் வெளுத்த ஓடுகளில் சிலவற்றில் இன்னும் முடி ஒட்டிக்கொண்டு காற்றில் ஆடியதைப் பதிவு செய்தார். அந்த ஒரு காட்சிக்காக அவரை நம்பலாம். எண்ணிக்கைக்கு நம்பாதீர்கள். அவர் பதினைந்து இருபதாயிரம் மண்டையோடுகள் என்று எழுதிவிட்டார். இணையத்தில் சுற்றும் பெரிய எண்களைக் கண்டால் அந்த மதிப்பீட்டை நினைத்துக்கொள்ளுங்கள்.

952 பின்னர் குறைந்ததற்குக் காரணங்கள் உண்டு. ஆண்டுக்கணக்கில் உறவினர்கள் இரவோடிரவாக வந்து, தங்கள் வீட்டு ஆள் என்று நம்பிய தலையைப் பெயர்த்துக்கொண்டு போய் அடக்கம் செய்தார்கள். 1861இல் அங்கே ஆளுநராக இருந்த மித்ஹத் பாஷா, இது அச்சத்தைத் தரவில்லை, வெறுப்பைத்தான் வளர்க்கிறது என்று கண்டு மிச்ச ஓடுகளையும் அகற்றச் சொன்னார். 1878 ஜனவரியில் செர்பியப் படை நிஷ்ஷை மீட்ட பின் கிடைத்தவற்றைத் தேடி மறுபடி பதித்தார்கள். 1892இல் நாடு முழுவதும் திரட்டிய நன்கொடையில், திமித்ரியே லேகோ என்ற கட்டடக் கலைஞரின் வரைபடத்தில் கோபுரத்தைச் சுற்றித் தேவாலயம் எழுந்தது. இன்று 58 ஓடுகள் இருக்கின்றன. சுவரில் காணும் வெற்றுக் குழிகள் ஒவ்வொன்றும் ஒரு தலை இருந்த இடம். சிஞ்ஜெலிச்சுடையது என்று நம்பப்படும் ஓடு தனியே கண்ணாடிப் பேழையில் வைக்கப்பட்டுள்ளது. 'நம்பப்படும்' என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள்.

படம் போடும்போது ஒரு எச்சரிக்கை. செகர் குன்றின் மேல் 1927இல் கட்டிய நினைவுச் சின்னமும் கோபுர வடிவம்தான். அதன் மாடத்தில் சிஞ்ஜெலிச்சின் மார்பளவுச் சிலை இருக்கிறது. அது கல் கோபுரம், அதில் மண்டையோடு கிடையாது. செலே குலா நிஷ் நகருக்குள், தேவாலயத்தின் உள்ளே இருக்கிறது. இரண்டின் படங்களையும் மாற்றிப் போட்ட பக்கங்கள் நிறைய. நேரில் போகிறவர்களும் ஒன்றைப் பார்த்துவிட்டு இரண்டையும் பார்த்ததாக நினைத்துத் திரும்புகிறார்கள். கோட்டை, செலே குலா, செகர் என்ற வரிசையில் பார்த்தால் நிலத்தின் அமைப்பு பிடிபடும். குன்றின் மேல் நின்று நிஷ்ஷைப் பார்த்த பிறகுதான் தெற்குவாசல் சொன்ன 'திறந்த சரிவு' என்ன என்று தெரியும்.

---

தெற்குவாசல்:

சேர்க்க வேண்டியது ஒன்று. செகரோடு கட்டுரையை முடித்துவிட்டால் அந்தத் தோல்வியின் விலை தெரியாமல் போய்விடும். மீந்த படை டெலிகிராடுக்குப் பின்வாங்கியது. ஆகஸ்டில் டெலிகிராடும் விழுந்தது. உஸ்மானியர்கள் மொராவா பள்ளத்தாக்கு வழியாக நாட்டின் உட்பகுதிக்கே வந்துவிட்டார்கள். தென்மேற்கே வென்றுகொண்டிருந்த கராஜோர்ஜே அதை விட்டுத் திரும்பி ஓடிவர வேண்டியதாயிற்று. மாண்டினீக்ரோவோடு கைகோக்கும் திட்டம் அத்தோடு போயிற்று. அந்த ஆண்டு செர்பியா தப்பியது, ரஷ்யப் படை தன்யூபுப் பக்கம் நகர்ந்து உஸ்மானியர்களின் கவனத்தை இழுத்ததால். தோல்விப் பழி மிலோயே மேல் விழுந்தது. டோப்ரின்யட்ஸ் கராஜோர்ஜேயோடு தீராப் பகையாகி 1811இல் நாடு கடத்தப்பட்டார். வெல்கோ 1813இல் நெகோத்தின் அரணில் பீரங்கிக் குண்டுக்கு இறந்தார். அங்கேயும் அவர் கேட்ட உதவி நேரத்துக்குப் போய்ச் சேரவில்லை.

---

ஓலைக்கட்டு:

இனி தைரியமாக எழுதலாம். கடைசியாக ஒன்று: 'வொய்வோதா' என்பதைத் தளபதி என்று மொழிபெயர்த்தால் சரியா?

---

ஏட்டுச்சுவடி:

பாதிதான் சரி. வொய்வோதா ஒரு பகுதிக்குப் போர்த்தலைவர் மட்டும் இல்லை. வரி, வழக்கு, ஆள் திரட்டல் எல்லாம் அவர் கையில். அதனால்தான் அவர்களுக்குள் இத்தனை பொறாமை. ஒருவரை இன்னொருவருக்குக் கீழே வைப்பது என்றால் ஒரு ஊரை இன்னொரு ஊருக்குக் கீழே வைப்பது போல. முதல்முறை 'ரேசாவா பகுதியின் வொய்வோதா, அதாவது படைக்கும் ஆட்சிக்கும் தலைவர்' என்று எழுதிவிட்டு, பிறகு வொய்வோதா என்றே கொண்டு போங்கள். புலுக்பாஷா, பிம்பாஷா போன்ற பதவிகள் துருக்கிச் சொற்களிலிருந்து வந்தவை. முதலாவது சிறு குழுவின் தலைவர். இரண்டாவதற்குச் சொல்லளவில் ஆயிரவர் தலைவர் என்று பொருள், ஆனால் கையில் ஆயிரம் பேர் இருந்தார்கள் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

செகரில் சிஞ்ஜெலிச்சோடு நின்ற 3,000 பேரில் பெரும்பாலோர் அவருடைய ரேசாவா ஊர்க்காரர்கள். சண்டை தொடங்கும் முன் 'போக நினைப்பவர்கள் இப்போதே போகலாம்' என்று அவர் சொன்னதாக மரபு. அவர்களை அவர் வரி வசூலித்த வீடுகளிலிருந்தும் வழக்குத் தீர்த்த தெருக்களிலிருந்தும் திரட்டி வந்திருந்தார். அவர் சொன்னதாக வரும் அந்த வாக்கியத்தைக் கட்டுரையில் சேர்ப்பதாக இருந்தால், வொய்வோதா என்றால் என்ன என்று விளக்கிய பத்திக்கு அடுத்ததாக வையுங்கள்.